எத்தனை உலகங்கள் இருந்தாலும்...
(இயற்பியல் மேதை ஹியூ எவரெட்டின் வாழ்க்கை)

இரண்டாம் ஆண்டு, கெமிக்கல் இன்ஜினியரிங் மாணவர் ஒருவர்

முதலில் உங்களை ஒரு கேள்வி கேட்கிறேன். பத்தாம் வகுப்பு ரிசல்ட் வந்த அன்றைக்கு, நீங்கள் பாலிடெக்னிக்குக்கு அப்ளிகேஷன் போடாமல் பிளஸ் ஒன் சேர்ந்திருந்தால் இன்றைக்கு எங்கே இருப்பீர்கள்? போன செமஸ்டரில் அந்த ஒரு பாடத்தை மட்டும் இன்னொரு தடவை புரட்டிப் பார்த்துவிட்டுப் போயிருந்தால் அரியர் விழுந்திருக்குமா? ராத்திரி படுத்ததும் நம்மில் பாதிப் பேருக்கு இந்த நினைப்புத்தான். அப்படி நடந்திருந்தா... இப்படி நடந்திருந்தா...

சினிமாவிலும் விஞ்ஞானக் கதைகளிலும் இந்த ஏக்கத்துக்கு ஒரு வழி கண்டுபிடித்து வைத்திருக்கிறார்கள். நம் உலகத்தைப் போலவே இன்னொரு உலகம் இருக்குமாம். அங்கே இன்னொரு நான், இன்னொரு நீங்கள். நாம் இங்கே விட்டதெல்லாம் அங்கே நடந்திருக்கும். ஏதோ ஒரு கதவைத் திறந்தால் இங்கிருந்து அங்கே போய்விடலாம். கேட்க நல்லாத்தான் இருக்கிறது!

இதெல்லாம் வெறும் கதை என்று நானும் நினைத்திருந்தேன். ஆனால் அந்தக் கதையில் பாதியை ஒரு மனிதர் கணக்குப் போட்டுக் காட்டி, ஆய்வேடாக எழுதி, டாக்டர் பட்டமே வாங்கியிருக்கிறார். மீதிப் பாதியை, அதாவது அந்தக் கதவை, அவருடைய கணக்கே மூடியும் விட்டது. அவர் பெயர் ஹியூ எவரெட். அமெரிக்காக்காரர். அவர் வாங்கிய முதல் பட்டம் என்ன தெரியுமா? கெமிக்கல் இன்ஜினியரிங்! நம்ம டிபார்ட்மென்ட்! அதனால்தான் இந்த ஆண்டு மலரில் அவரைப் பற்றி எழுத ஆசைப்பட்டேன்.

பிடிவாதக்காரச் சிறுவன்

எவரெட் 1930-ஆம் ஆண்டு நவம்பர் 11-ஆம் தேதி பிறந்தார். அமெரிக்கத் தலைநகர் வாஷிங்டன் பக்கத்தில்தான் வளர்ந்தார். அப்பா ராணுவ அதிகாரி. அம்மா கதை, கவிதை எழுதுபவர். சின்ன வயதிலேயே அப்பாவும் அம்மாவும் பிரிந்துவிட்டார்கள். பையன் அப்பாவிடமும் சிற்றன்னையிடமும் வளர்ந்தான்.

பன்னிரண்டு வயதில் அவர் செய்த காரியம் ஒன்று உண்டு. ஐன்ஸ்டீனுக்கே ஒரு கடிதம் எழுதினார்! இந்தப் பிரபஞ்சத்தைத் தாங்கிப் பிடித்திருப்பது எது, தற்செயலா, இல்லை எல்லாவற்றையும் ஒன்றாகக் கட்டிப்போடும் ஒரு சக்தியா என்பது கேள்வி. நாமாக இருந்தால் எழுதியிருப்போமா? எழுதினாலும் போஸ்ட் பண்ணியிருப்போமா? ஐன்ஸ்டீன் 1943 ஜூன் மாதம் பதிலும் போட்டார். யாராலும் தடுக்க முடியாத சக்தி, எதனாலும் அசைக்க முடியாத பொருள் என்றெல்லாம் ஒன்றும் கிடையாது என்றும், ஆனால் தானே கஷ்டங்களை உண்டாக்கி அதைத் தானே தாண்டி வந்த ஒரு பிடிவாதக்காரப் பையன் இருக்கிறான் போலிருக்கிறது என்றும் வேடிக்கையாக எழுதியிருந்தார். அந்தப் பிடிவாதம் எவரெட்டை எங்கே கொண்டுபோய் விட்டது என்பதுதான் இந்தக் கட்டுரை.

கெமிக்கலில் இருந்து இயற்பியலுக்கு

வாஷிங்டனில் உள்ள கத்தோலிக்கப் பல்கலைக்கழகத்தில் எவரெட் கெமிக்கல் இன்ஜினியரிங் படித்து 1953-இல் பட்டம் பெற்றார். கணக்கில் புலி. அதே வருடம் உதவித்தொகையோடு பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்துக்குப் போனார். முதலில் அவர் மனசு போனது விளையாட்டுக் கோட்பாடு என்கிற கணிதத்தில். இரண்டு எதிராளிகள் இருக்கும்போது, எதிராளி என்ன செய்தாலும் நமக்கு நஷ்டம் குறைவாக வருகிற மாதிரி எப்படி முடிவெடுப்பது என்று கணக்குப் போடும் பாடம் அது. பார்க்க விளையாட்டு, ஆனால் யுத்தத்துக்கும் வியாபாரத்துக்கும் அதையே பயன்படுத்துவார்கள். அதிலும் அவர் நல்ல கட்டுரை எழுதியிருக்கிறார்.

பிறகு மெல்ல இயற்பியல் பக்கம் திரும்பினார். அவருக்கு வழிகாட்டியாக வந்தவர் ஜான் வீலர். நோபல் பரிசு வாங்கிய ஃபெயின்மனுக்கும் இவர்தான் வழிகாட்டி. கருந்துளை என்று நாம் சொல்கிற பிளாக் ஹோல் என்ற பெயரை உலகம் பூராவும் பரப்பியவரும் இவரே. ஆக எவரெட்டுக்கு வாய்த்த குரு சாதாரண ஆள் இல்லை.

1954-இல் ஒரு நாள் ராத்திரி. பிரின்ஸ்டன் விடுதி. எவரெட், கூடப் படித்த சார்லஸ் மிஸ்னர், டென்மார்க்கில் இருந்து வந்திருந்த ஆகே பீட்டர்சன் மூன்று பேரும் ஷெர்ரி என்ற மதுவைக் குடித்துக்கொண்டு பேசிக்கொண்டிருந்தார்கள். (குடியை நாம் பின்பற்ற வேண்டாம் நண்பர்களே, பேச்சை மட்டும் பின்பற்றுவோம்!) பீட்டர்சன் யார் என்றால், அணு அமைப்பைச் சொல்லி 1922-இல் நோபல் பரிசு வாங்கிய நீல்ஸ் போரின் உதவியாளர். நம்ம கெமிஸ்ட்ரி புத்தகத்தில் வருகிற அதே போர்தான். அன்றைக்கு அந்த மூன்று பேரும் குவாண்டம் இயற்பியலில் இருந்த ஒரு ஓட்டையைப் பற்றிக் கிண்டலும் கேலியுமாகப் பேசினார்கள். மற்ற இரண்டு பேருக்கும் அது ஒரு ராத்திரிப் பேச்சு. எவரெட்டுக்கு அதுவே வாழ்க்கையாகிவிட்டது.

அந்த ஓட்டை என்ன?

கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள், கஷ்டமே இல்லை. எலக்ட்ரான் மாதிரி மிகச் சிறிய பொருள் ஒன்று இங்கே இருக்கிறதா அங்கே இருக்கிறதா என்று கேட்டால், குவாண்டம் இயற்பியல் இரண்டும் கலந்த ஒரு நிலையில் இருக்கிறது என்கிறது. அந்த நிலைக்கு அலைச் சார்பு என்று பெயர். அது நேரத்தோடு எப்படி மாறும் என்பதற்கு ஷ்ரோடிங்கர் 1926-இல் ஒரு சமன்பாடு கொடுத்தார். அந்தச் சமன்பாட்டில் எந்தத் திடீர்த் தாவலும் கிடையாது. எல்லாம் ஆறு ஓடுகிற மாதிரி சீராகப் போகும்.

ஆனால் லேபில் கருவியை வைத்துப் பார்த்தால் எலக்ட்ரான் ஒரே ஒரு இடத்தில்தான் அகப்படும். இங்கே அல்லது அங்கே. இரண்டும் கலந்து யாரும் பார்த்தது கிடையாது. அப்போ மீதி அலை எங்கே போச்சு? போரும் அவரைச் சேர்ந்தவர்களும் கோபன்ஹேகனில் இருந்துகொண்டு சொன்னதை மற்ற விஞ்ஞானிகள் பாடப் புத்தகத்தில் இப்படி எழுதிவிட்டார்கள். அளந்து பார்க்கிற நிமிஷத்தில் அலை சுருங்கி ஒரே விடையாக ஆகிவிடும். அளக்காத நேரத்துக்கு ஒரு சட்டம், அளக்கும் நேரத்துக்கு வேறொரு சட்டம்!

எவரெட் இங்கேதான் மடக்கினார். அளக்கிற கருவியும் அணுவால் ஆனதுதானே? அளக்கிற மனிதனும் அணுவால் ஆனவன்தானே? அவனுக்கு மட்டும் ஏன் தனிச் சட்டம்?

அவர் சொன்ன உதாரணத்தை நம்ம லேபுக்குப் பொருத்திச் சொல்கிறேன். ஒரு மாணவன் ரூமைச் சாத்திக்கொண்டு எக்ஸ்பெரிமென்ட் செய்கிறான். ரீடிங்கை ரெக்கார்ட் நோட்டில் எழுதிவிட்டான். அவனைப் பொறுத்தவரை விடை முடிவாகிவிட்டது. ஆனால் வெளியே இன்னொருத்தன் நிற்கிறான். அவன் அந்த ரூம், கருவி, உள்ளே இருக்கிற மாணவன், ரெக்கார்ட் நோட்டு எல்லாவற்றுக்கும் சேர்த்து ஒரே அலைச் சார்பு எழுதுகிறான். அவன் கணக்குப்படி ரெக்கார்ட் நோட்டில் இரண்டு ரீடிங்கும் கலந்த நிலையில் இருக்கிறது. ஒரு வாரம் கழித்துக் கதவைத் திறந்து நோட்டைப் பார்க்கிறான். விடையை முடிவு செய்தது யார்? உள்ளே இருந்தவனா, கதவைத் திறந்தவனா? உள்ளே இருந்தவன் போன வாரமே எழுதி முடித்தேன் என்று சத்தியம் பண்ணுவானே! இரண்டு சட்டத்தை வைத்துக்கொண்டு இதற்குப் பதில் சொல்லவே முடியாது.

எவரெட் ஒரு சட்டத்தைத் தூக்கி எறிந்தார். அலை சுருங்குவதே இல்லை, ஷ்ரோடிங்கர் சமன்பாடு எப்போதும் எல்லாவற்றுக்கும் செல்லும் என்றார். அப்படியென்றால்? எலக்ட்ரானை இங்கே பார்த்த மாணவனும் உண்டு, அங்கே பார்த்த மாணவனும் உண்டு. இருவர் கையிலும் ஒரு ரெக்கார்ட் நோட்டு. ஒவ்வொருவனும் தன் நோட்டில் இருப்பது ஒன்றுதான் உண்மை என்று நினைத்துக்கொண்டிருப்பான். இதைத்தான் இன்று பல உலகக் கொள்கை என்கிறார்கள்.

அமீபாவும் கத்தரிக்கோலும்

1955-இல் வீலரிடம் கொடுத்த ஆரம்பக் குறிப்புகளில் எவரெட் இதற்கு அமீபாவை உதாரணம் சொன்னார். நமக்கு ஸ்கூலிலேயே தெரியும், அமீபா இரண்டாகப் பிரியும். நல்ல ஞாபக சக்தி உள்ள ஒரு அமீபா இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். அது பிரிந்தபிறகு இரண்டுக்கும் பழைய ஞாபகம் ஒன்றுதான். புதிய ஞாபகம் வேறு வேறு. இதில் எது ஒரிஜினல், எது காப்பி? இரண்டுமே ஒரிஜினல்தான். எவ்வளவு அழகான உதாரணம்! ஆனால் வீலருக்கு இது பிடிக்கவில்லை. படிக்கிறவர்கள் தப்பாக மாயாஜாலம் என்று எடுத்துக்கொள்வார்களே, இதைப் போரிடம் எப்படிக் காட்டுவது என்று தயங்கினார்.

இங்கே வீலரின் சங்கடத்தையும் நாம் புரிந்துகொள்ள வேண்டும். ஒரு பக்கம் அவருடைய மாணவன். இன்னொரு பக்கம் அவர் குருவாக மதித்த போர். இரண்டு பேரையும் விட்டுக்கொடுக்க அவருக்கு மனசில்லை. 1956 ஜனவரியில் எவரெட் நூறு பக்கத்துக்கு மேலான முழு ஆய்வேட்டை முடித்துக் கொடுத்தார். அந்த வருடமே வீலர் அதை எடுத்துக்கொண்டு கோபன்ஹேகன் போனார். போரிடமும் அவருடன் இருந்தவர்களிடமும் பேசினார். அவர்கள் ஒத்துக்கொள்ளவில்லை.

அதன்பிறகு கத்தரிக்கோல் வேலை ஆரம்பித்தது. வீலரும் எவரெட்டும் உட்கார்ந்து ஆய்வேட்டை வெட்டினார்கள். கிட்டத்தட்ட கால் பங்குதான் மிஞ்சியது. உலகம் பிரிகிறது என்று பளிச்சென்று சொன்ன இடமெல்லாம் அடங்கிப்போயின. சார்பு நிலை என்று ஒரு சாதுவான தலைப்பு வந்து உட்கார்ந்தது. 1957-இல் அந்தச் சுருக்கப்பட்ட ஆய்வேட்டுக்கு டாக்டர் பட்டம் கிடைத்தது. அதே வருடம் ஜூலையில் இயற்பியல் இதழ் ஒன்றில் கட்டுரையாகவும் வந்தது. கூடவே வீலரும் அதை ஆதரித்து ஒரு சிறு கட்டுரை எழுதினார்.

அச்சுக்குப் போகும் முன் பிரைஸ் டிவிட் என்ற விஞ்ஞானி ஒரு சந்தேகம் கேட்டார். நான் இரண்டாகப் பிரிவது எனக்கே தெரியவில்லையே, பிறகு எப்படி நம்புவது? எவரெட் கொடுத்த பதிலைக் கவனியுங்கள். பூமி சுற்றுகிறது என்று கோபர்நிகஸ் சொன்னபோதும் ஜனங்கள் இதையேதான் கேட்டார்கள், பூமி சுற்றுவது எங்களுக்குத் தெரியவில்லையே என்று. தெரியாது என்பதையும் அந்த இயற்பியலே பின்னால் விளக்கியது. அதுபோல, பிரிவது நமக்குத் தெரியாது என்பதும் இந்தக் கொள்கைக்குள்ளேயே அடக்கம். டிவிட்டால் மறுத்துப் பேச முடியவில்லை. மற்றவர்கள்? மறுக்கவும் இல்லை, ஏற்கவும் இல்லை. கண்டுகொள்ளவே இல்லை! திட்டினால்கூட மனிதன் தாங்கிக்கொள்வான். யாருமே திரும்பிப் பார்க்காவிட்டால்?

பென்டகனில் வேலை

பட்டம் கைக்கு வருவதற்கு முன்பே, 1956 ஜூனில், எவரெட் அமெரிக்க ராணுவத் தலைமையகமான பென்டகனில் ஆயுத மதிப்பீட்டுக் குழுவில் வேலைக்குச் சேர்ந்துவிட்டார். அதே வருடம் நவம்பரில் கல்யாணம். மனைவி பெயர் நான்சி. 1957-இல் மகள், 1963-இல் மகன் பிறந்தார்கள். இயற்பியல் ஆராய்ச்சிக்கு அவர் திரும்பி வரவே இல்லை.

அங்கே அவருக்குக் கொடுத்த கணக்கு மிகக் கொடூரமானது. அணுகுண்டு யுத்தம் வந்தால் எத்தனை பேர் சாவார்கள்? அவரும் ஜார்ஜ் பியூ என்பவரும் சேர்ந்து, குண்டு விழுந்த இடத்தில் மட்டுமல்ல, காற்றில் பரவி வந்து படியும் கதிரியக்கத் தூசியால் தூரத்தில் உள்ளவர்களும் கூட்டம் கூட்டமாகச் சாவார்கள் என்று கணக்கிட்டுக் காட்டினார்கள். 1959-இல் இது வெளியானது. வேதியியல் மேதை லினஸ் பாலிங் அணு ஆயுதத்தை எதிர்த்துப் போராடி அமைதிக்கான நோபல் பரிசு பெற்றபோது, 1963-இல் ஆற்றிய உரையில் இவர்கள் இருவருடைய கணக்கையும் எடுத்துச் சொன்னார். குண்டு வைத்திருப்பவர்களுக்காகப் போட்ட கணக்கு, குண்டு வேண்டாம் என்றவர் கையிலும் பயன்பட்டது!

1959 மார்ச்சில் எவரெட் கோபன்ஹேகன் போய்ப் போரை நேரில் பார்த்தார். வீலர் ஏற்பாடு செய்த சந்திப்பு. ஒரு பயனும் இல்லை. போருக்கு அப்போது எழுபத்து மூன்று வயது. தன் வாழ்நாள் கொள்கையை இருபத்தெட்டு வயதுப் பையன் வந்து மாற்றச் சொன்னால் கேட்பாரா? எவரெட் ஓட்டலுக்குத் திரும்பினார். வேறொருவராக இருந்தால் அழுதிருப்பார், ஊருக்கு டிக்கெட் போட்டிருப்பார். இவர் பீர் குடித்துக்கொண்டே ஓட்டல் லெட்டர் பேடை எடுத்து வேறொரு கணக்கைப் போட ஆரம்பித்தார். கையில் இருக்கும் பொருளும் பணமும் குறைவு, வேலைகளோ பல, எதற்கு எவ்வளவு ஒதுக்கினால் அதிகப் பலன் கிடைக்கும் என்கிற கணக்கு. லக்ராஞ்சு பெருக்கி என்ற பழைய முறையை அவர் விரிவாக்கினார். 1963-இல் கட்டுரையாக வந்த அந்த முறை, பொருள் ஒதுக்கீட்டுக் கணக்குப் போடுகிறவர்களுக்குப் பெரிய உதவியானது. தோற்றுப்போய் வந்த ஊரில், ஓட்டல் பேப்பரில் பிறந்தது அது!

1964-இல் அவரும் நண்பர்களும் சேர்ந்து லாம்ப்டா என்ற கம்பெனி ஆரம்பித்தார்கள். பிறகு 1973-இல் இன்னொரு கம்பெனி. கம்ப்யூட்டர் புரோகிராம், ராணுவக் கணக்கு, நல்ல வருமானம். நல்ல சாப்பாடு, ஓயாத சிகரெட், அளவில்லாத மது. வெளியே பார்த்தால் வெற்றி பெற்ற மனிதர்.

தாமதமாக வந்த புகழ்

சந்தேகம் கேட்ட அதே டிவிட்தான் பின்னால் எவரெட்டைத் தூக்கிப் பிடித்தார். 1970-இல் எல்லா இயற்பியலாளரும் படிக்கும் பத்திரிகை ஒன்றில் இந்தக் கொள்கையை விளக்கிக் கட்டுரை எழுதினார். 1973-இல் ஒரு புத்தகமே கொண்டுவந்தார். வெட்டப்பட்ட முழு ஆய்வேடும் பதினேழு வருடம் கழித்து அதில்தான் முதன்முதலாக அச்சில் வந்தது. பல உலகம் என்ற பெயரும் அப்போதுதான் ஊரெல்லாம் பரவியது.

1977-இல் டெக்சாஸ் பல்கலைக்கழகத்தில் பேச எவரெட்டை அழைத்தார்கள். அரங்கத்தில் புகை பிடிக்கக் கூடாது என்பது விதி. அவருக்காக அந்த விதியையே தளர்த்தினார்களாம்! அங்கே அவரைச் சந்தித்த இளைஞர்களில் ஒருவர் டேவிட் டாய்ச். இந்த டாய்ச் 1985-இல் குவாண்டம் கம்ப்யூட்டர் எப்படி வேலை செய்யும் என்று கட்டுரை எழுதினார். அந்த எண்ணத்துக்கு அவருக்குத் துணையாக இருந்தது எவரெட்டின் கொள்கை. இன்று பெரிய கம்பெனிகள் போட்டி போட்டுக் கட்டும் குவாண்டம் கம்ப்யூட்டருக்குப் பின்னால் இப்படி ஒரு கதை இருக்கிறது. பல உலகக் கொள்கையை ஏற்பவர்களும் இன்று உண்டு, ஏற்காதவர்களும் உண்டு. ஆனால் சிரித்து ஒதுக்குகிறவர்கள் குறைந்துவிட்டார்கள்.

கதவு உண்டா?

சரி, அந்த உலகங்களுக்கு நடுவே போக வர முடியுமா? கதைக்காரர்கள் முடியும் என்கிறார்கள். எவரெட்டின் கணக்கு முடியாது என்கிறது. ஷ்ரோடிங்கர் சமன்பாட்டின் குணம் அப்படி. பல தீர்வுகளைக் கூட்டி வைத்தாலும் ஒவ்வொன்றும் மற்றது இருப்பதே தெரியாத மாதிரி தன்பாட்டில் போகும். கணக்கில் இதை நேரியல் பண்பு என்பார்கள். ஓர் எலக்ட்ரான் தனியாக இருக்கும்வரை அதன் இரண்டு நிலைகளும் ஒன்றோடு ஒன்று கலந்து விளையாடும். ஆனால் கருவி, மனிதன், காற்று என்று கோடிக்கணக்கான அணுக்கள் அதில் சம்பந்தப்பட்டுவிட்டால் மறுபடி ஒன்று சேர்ப்பது நடக்காத காரியம். ஒரு நோட்டில் எழுதிய ரீடிங்கை இன்னொரு நோட்டுக்காரன் பார்க்கவே முடியாது.

இதில் ஒரு சுவாரஸ்யம். குவாண்டம் சமன்பாட்டில் அந்த நேரியல் பண்பைக் கொஞ்சம் மாற்றினால் என்ன ஆகும் என்று ஸ்டீவன் வைன்பெர்க் 1989-இல் ஆராய்ந்தார். ஜோசப் போல்சின்ஸ்கி என்ற விஞ்ஞானி 1991-இல் அதைப் பரிசோதித்து, அப்படி மாற்றினால் ஒன்று ஒளியைவிட வேகமாகச் செய்தி போகும், இல்லாவிட்டால் ஒரு உலகத்தில் இருந்து இன்னொரு உலகத்துக்குப் பேச முடியும் என்று காட்டினார். இதற்கு எவரெட் போன் என்றே பெயர் வைத்தார்! ஆனால் சமன்பாடு அப்படி மாறியிருப்பதற்கு எந்தச் சோதனையிலும் இதுவரை அடையாளம் இல்லை. போனுக்குப் பெயர் இருக்கிறது, லைன் கிடையாது.

ஒரே வீட்டில்

இனி எழுதப்போவது எனக்குக் கஷ்டமான பகுதி. 1982 ஜூலை 19-ஆம் தேதி எவரெட் தூக்கத்திலேயே மாரடைப்பில் இறந்துபோனார். வயது ஐம்பத்தொன்றுதான். காலையில் பார்த்தது மகன் மார்க். அவருக்கு அப்போது பத்தொன்பது வயது, நம்மைவிட ஒரு வயது கூட! அப்பாவை எழுப்பிப் பார்த்தார், உயிர் வரவழைக்க முயன்றார். அப்போதுதான் அவருக்கு ஒன்று உறைத்தது. அதற்கு முன்பு அப்பாவைத் தொட்டதாகவே அவருக்கு ஞாபகம் இல்லை. ஒரே வீட்டில் பத்தொன்பது வருடம் இருந்தும்! அப்பா சாப்பாட்டு மேஜையில் எதையோ யோசித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார், பிள்ளைகளிடம் பேச்சு இருக்காது.

எவரெட்டுக்குக் கடவுள் நம்பிக்கை கிடையாது. தன் சாம்பலைக் குப்பையோடு போட்டுவிடுங்கள் என்று சொல்லியிருந்தார். மனைவி சில வருடம் வைத்திருந்து, பிறகு அவர் ஆசைப்படியே செய்தார். மகள் வெகுநாள் மனநோயால் அவதிப்பட்டார். 1996-இல் அவர் தன் உயிரைத் தானே முடித்துக்கொண்டார். இன்னொரு உலகத்தில் அப்பாவைப் போய்ப் பார்க்கலாம் என்ற நம்பிக்கையை எழுதி வைத்திருந்தார். இதைப் படித்த அன்றைக்கு எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. அப்பாவின் கணக்கில் அப்படி ஒரு வழியே இல்லையே! அதை உட்கார வைத்துச் சொல்லிக் கொடுக்க அந்த வீட்டில் யாரும் இல்லாமல் போய்விட்டதே! நண்பர்களே, மனசு தாங்க முடியாமல் கனத்தால் வாத்தியாரிடமோ, வீட்டிலோ, டாக்டரிடமோ, பக்கத்து பெஞ்ச் நண்பனிடமோ வாய்விட்டுச் சொல்லுங்கள். கேட்க ஆள் இந்த உலகத்தில்தான் இருக்கிறது.

மகன் மார்க் பாடகர் ஆனார். ஈல்ஸ் என்ற இசைக் குழுவை நடத்துகிறவர் அவர்தான். அப்பாவின் கணக்கு அவருக்கு ஒன்றும் தெரியாது. 2007-இல் ஒரு டாக்குமெண்டரி படத்துக்காக அவர் பிரின்ஸ்டனுக்கும் மற்ற இடங்களுக்கும் போய், அப்பாவோடு பழகியவர்களை எல்லாம் பார்த்து, அப்பாவின் கொள்கையைத் தனக்குப் புரிகிற மாதிரி சொல்லச் சொல்லிக் கேட்டார். அவர் வீட்டு நிலவறையில் பெட்டி பெட்டியாகக் கிடந்த அப்பாவின் காகிதங்களும் அப்போதுதான் வெளிச்சத்துக்கு வந்தன. அப்பா செத்து இருபத்தைந்து வருடம் கழித்து மகன் அப்பாவைப் போய்ப் பார்க்கிறார்!

முடிவாக

எவரெட்டின் வாழ்க்கையில் இருந்து நாம் என்ன எடுத்துக்கொள்வது? பெரியவர்கள் சொல்லிவிட்டார்கள் என்பதற்காகக் கேள்வி கேட்காமல் இருக்கக் கூடாது என்பது ஒன்று. கெமிக்கல் படித்தவர் குவாண்டத்தில் ஓட்டை கண்டுபிடித்தார் என்றால், டிப்ளமோ படிக்கிற நாம் மட்டும் ஏன் நம்மைக் குறைவாக நினைக்க வேண்டும்? நல்ல கருத்தை வெட்டிச் சுருக்கினாலும் அது சாகாது, பதினேழு வருடம் கழித்தாவது முழுசாக வெளியே வரும் என்பது இன்னொன்று.

ஆனால் எனக்கு உறைத்தது மூன்றாவது ஒன்று. எங்கள் வீட்டில் நான்தான் முதலில் படிக்க வந்தவன். ராத்திரி சாப்பிடும்போது அப்பா தினமும் கேட்பார், இன்றைக்கு என்னப்பா சொல்லிக் கொடுத்தார்கள் என்று. அதெல்லாம் உங்களுக்குப் புரியாதுப்பா என்று சொல்லிவிட்டு எழுந்துவிடுவேன். அவரும் சிரித்துக்கொண்டே அம்மாவிடம் திரும்பிவிடுவார். இந்தக் கட்டுரைக்காகப் படித்த பிறகுதான் யோசித்தேன். அவர் ஒரு உலகம், நான் ஒரு உலகம் என்று ஆகிக்கொண்டிருக்கிறோம். ஆனால் எவரெட் சொன்ன உலகங்களுக்கு நடுவில் வழி கிடையாது. எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் ஒரு சாப்பாட்டுத் தட்டுத்தான் இருக்கிறது.

போன வாரம் அவருக்கு டிஸ்டிலேஷன் சொல்லிக் கொடுத்தேன். இட்லிப் பானை மூடியில் ஆவி பட்டுச் சொட்டுச் சொட்டாக விழுமே, அதை வைத்துச் சொன்னேன். முழுக்கக் கேட்டுவிட்டு, இதுக்கா ரெண்டு மாசம் படிக்கிறீங்க என்று கேட்டார்! பிறகு அவரே, அந்தச் சொட்டுத் தண்ணியில உப்பு இருக்குமா இருக்காதா என்று கேட்டார். எங்கள் சார் கிளாஸில் கேட்ட அதே கேள்வி.

வேறு உலகங்கள் இருக்கட்டும், இல்லாமல் போகட்டும். அங்கே இருக்கிற நம்மை அங்கே இருப்பவர்கள் பார்த்துக்கொள்வார்கள். இங்கே இருக்கிற வீட்டுக்கு இன்று சாயந்திரம் போனதும், ஒரு பத்து நிமிஷம் உட்கார்ந்து பேசுங்கள் நண்பர்களே!